தேவி ஷோ: பூட்டிய கேட்டுக்கு வெளியே

செய்தியாளர் தேவி சங்கரி கோவெண்டர் தென்னாப்பிரிக்கத் தொலைக்காட்சியின் 'கார்ட் பிளாஞ்ச்' என்ற புலனாய்வு நிகழ்ச்சியில் இருந்த காலத்தில், ஞாயிறு மாலை ஏழு மணி ஆனதும் டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்திலுள்ள எங்கள் வீட்டில் ஆயா அடுப்பை அணைத்துவிட்டு முன்னறைக்கு வந்துவிடுவார். இந்தியாவில் கவுண்டர் என்றிருந்த பெயர் இங்கே நேட்டால் பகுதியின் பதிவேடுகளில் கோவெண்டர் ஆன கதையைச் சொல்லி, "இந்தப் பொண்ணு லேசுல விடமாட்டா" என்று முடிப்பார். 1988இல் எம்-நெட் அலைவரிசையில் தொடங்கிய அந்த நிகழ்ச்சியில் 2002 முதல் 18 ஆண்டுகள் பணியாற்றிய தேவி, 2020இல் விலகி, பிறகு தம் பெயரிலேயே 'தேவி ஷோ' என்ற புலனாய்வு நிகழ்ச்சியுடன் ஈ.டிவியிலும் ஈ.என்.சி.ஏ. என்ற செய்தி அலைவரிசையிலும் தோன்றினார். எம்-நெட் சந்தா கட்டிப் பார்க்க வேண்டியது. 1998இல் வந்த ஈ.டிவி அப்படியல்ல. ஏமாற்றப்பட்டவர்களில் பலர் சந்தா கட்ட வசதியற்றவர்கள் என்பதால் இந்த இடமாற்றத்தை நான் வரவேற்கிறேன்.

நிகழ்ச்சியின் அருமை எனக்குப் புரிந்தது அக்காவின் சமையலறையில்தான். சுவரலமாரி அமைக்க ஒருவரிடம் 30,000 ராண்ட் முன்பணம் கொடுத்தார். அந்த ஆள் பழைய அலமாரிகளைப் பெயர்த்துவிட்டு, சுவரில் பென்சிலால் அளவு குறித்துக்கொண்டு போனவர்தான். கோடுகள் மட்டும் இன்னும் இருக்கின்றன. புகார் கொடுக்கப் போன இடத்தில், இது சிவில் விவகாரம் என்று திருப்பி அனுப்பினார்கள். வழக்கறிஞர் இல்லாமலே வாதாடக்கூடிய சிறு உரிமைகோரல் நீதிமன்றத்தின் உச்சவரம்போ 20,000 ராண்ட். மீதியை விட்டுக்கொடுத்தால்தான் அங்கே போகலாம். மோசடி என்று நிறுவ வேண்டுமானால், பணம் வாங்கும்போதே வேலையை முடிக்கும் எண்ணம் அவருக்கு இல்லை என்று காட்ட வேண்டும். ஒற்றை ரசீதை வைத்துக்கொண்டு அதை எப்படிக் காட்டுவது?

இத்தகைய புலனாய்வு பயன்படுவது இங்கேதான். ஒரே ஆளிடம் பணத்தை இழந்த பலரைத் தேடிப் பிடித்து, அவர்களுடைய ரசீதுகளையும் வாட்ஸ்அப் சாக்குப்போக்குகளையும் அடுத்தடுத்து வைக்கும்போது, தனித்தனியே துரதிர்ஷ்டமாகத் தெரிந்தவை ஒரே கையின் வேலையாகத் தெரிகின்றன. அதன் பிறகே தேவி பூட்டிய கேட்டுக்கு வெளியே நின்று இன்டர்காமை அழுத்துகிறார். குரலை உயர்த்துவதில்லை, கேட்ட கேள்வியையே மறுபடி கேட்கிறார். தச்சரிடமும் அதிகாரியிடமும் ஒரே தொனியில் பேசுவது அவரிடம் எனக்கு மிகவும் பிடித்தது.

குறைகளும் உண்டு. பின்னணி இசை, பாதிக்கப்பட்டவர் பேசி முடிக்குமுன்பே அழத் தொடங்கிவிடுகிறது. ஏமாற்றியவரைத் துரத்தும் விறுவிறுப்பில், அவரைத் தடுத்திருக்க வேண்டிய அலுவலகங்கள் ஓர் எழுத்துமூலப் பதிலோடு தப்பித்துக்கொள்வதும் எனக்கு உறுத்துகிறது.

சென்ற மாதம் அக்கா தன் ரசீதைப் படமெடுத்து எங்கள் தெருவின் வாட்ஸ்அப் குழுவில் போட்டு, இதே ஆளிடம் வேறு யாராவது பணம் கொடுத்தீர்களா என்று கேட்டிருக்கிறார். இதுவரை இரண்டு ரசீதுகள் வந்திருக்கின்றன.