ஒரிகானா, பில்போர்ட் ஜப்பானா: ஒரு பாட்டு ஓடியதா இல்லையா என்று எதில் பார்ப்பது?

2019இல் ஜப்பானின் நம்பர் ஒன் பாட்டு எது? இசை விற்பனையை எண்ணும் ஜப்பானிய நிறுவனமான ஒரிகானின் ஆண்டு சிங்கிள் (ஒரு முதன்மைப் பாட்டோடு வரும் சிறு வட்டு) பட்டியலைத் திறந்தால் ஏகேபி48 குழுவின் 'சஸ்டெய்னபிள்'. இன்னொரு நிறுவனமான பில்போர்ட் ஜப்பானின் நூறு பாட்டுப் பட்டியலை, அதாவது ஹாட் 100ஐத் திறந்தால் யொனெசு கென்ஷியின் 'லெமன்'. அது 2018இல் வெளியாகி அந்த ஆண்டும் முதலிடம் பிடித்த அதே பாட்டு. 2020இல் வித்தியாசம் இன்னும் பெரிது. ஒரிகானில் முதலிடம், ஸ்டோன்ஸ், ஸ்னோ மேன் என்ற இரண்டு புதிய குழுக்கள் ஒரே வட்டில் சேர்ந்து அறிமுகமான சிங்கிளுக்கு. பில்போர்டில் முதலிடம், சிங்கிள் சிடியாகக் கடைக்கே வராத யோஅசோபியின் 'யோரு நி ககேரு'வுக்கு.

இரண்டு பட்டியலும் பொய் சொல்லவில்லை. ஒரிகானின் பழைய சிங்கிள் பட்டியல் விற்ற வட்டுகளை எண்ணுகிறது. பில்போர்ட் ஜப்பான், ஒரு பாட்டு எத்தனை வழிகளில் மக்களிடம் போனது என்று கூட்டிப் பார்க்கிறது. இரண்டு விடைகளும் ஜப்பானில் ஏன் இப்படிப் பிரிகின்றன என்பதைப் புரிந்துகொள்ள, முதலில் ஒரு சிடி கடைக்குள் போக வேண்டும்.

ஒரு பாட்டு, மூன்று அட்டை

ஐடல் குழு (ஏகேபி48 போல, ரசிகர் கூட்டத்தை நம்பி ஆடிப் பாடும் இளையோர் குழு) ஒன்றின் புதிய சிங்கிள் பெரும்பாலும் ஒரே வட்டாக வருவதில்லை. முதல் அச்சு வரையறைப் பதிப்பு 'ஏ' என்று ஒன்று, அதில் பாட்டின் வீடியோ உள்ள டிவிடியோ ப்ளூ-ரேயோ இருக்கும். பதிப்பு 'பி' இன்னொன்று, அதில் படப்பிடிப்புக் காட்சிகள். மூன்றாவது சாதாரணப் பதிப்பு. அதில் வீடியோ இல்லை, ஆனால் மற்ற இரண்டிலும் இல்லாத கூடுதல் பாட்டு இருக்கும். முதன்மைப் பாட்டு மூன்றிலும் ஒன்றுதான். எல்லாம் வேண்டும் என்கிற ரசிகர் மூன்றும் வாங்குவார். ஒரிகான் மூன்று பதிப்புகளையும் ஒரே தலைப்பின் கீழ் கூட்டுவதால் அது மூன்று விற்பனை.

இதோடு முடிந்தால் பரவாயில்லை. ஜப்பானில் புத்தகம், செய்தித்தாள் போலவே இசை வட்டுக்கும் 'சாய்ஹான்' என்ற மறுவிற்பனை விலைக் காப்பு உண்டு. போட்டித் தடுப்புச் சட்டத்தில் 1953இல் நுழைந்த விதிவிலக்கு அது. நிறுவனம் வைத்த விலைக்குத்தான் கடை விற்க வேண்டும், புதிய வட்டில் தள்ளுபடி கிடையாது. அதனால்தான் ஆல்பம் ஒன்று இன்னும் 3,000 யென், 10 சதவீத நுகர்வு வரியோடு 3,300 யென் என்ற கணக்கில் நிற்கிறது. விலையில் மோத முடியாத கடைகள் இலவசத்தில் மோதுகின்றன. ஒரு கடையில் வாங்கினால் பிளாஸ்டிக் கோப்பு, இன்னொன்றில் அஞ்சலட்டை, மூன்றாவதில் ஸ்டிக்கர். படம் ஒவ்வொரு கடைக்கும் வேறு. ஒரே சிடியை மூன்று கடையில் மூன்று முறை வாங்க இது போதும். விற்பனை எண்ணிக்கையின் ஊதலுக்கு எல்லோரும் கைகுலுக்கும் சீட்டைத்தான் குற்றம் சொல்கிறார்கள், விலைக் காப்பின் பங்கை யாரும் பேசுவதில்லை.

கைகுலுக்கும் சீட்டும் சாதாரணமானதல்ல. சிடிக்குள் ஒரு சீட்டு. அதைக் கொடுத்தால் விரும்பிய உறுப்பினரோடு சில நொடி. நேரம் கூட வேண்டுமானால் சீட்டு கூட வேண்டும், சீட்டு வேண்டுமானால் சிடி வேண்டும். ஏகேபி48 இதோடு வாக்குச்சீட்டையும் சேர்த்தது. 2009 முதல் 2018 வரை ஆண்டுக்கொரு 'தேர்தல்', அதில் வாக்களிக்க ஒரு வழி குறிப்பிட்ட சிங்கிளுக்குள் அச்சிட்ட எண். விளைவு, 2010 முதல் 2019 வரை பத்து ஆண்டும் ஒரிகான் ஆண்டு சிங்கிள் முதலிடம் அந்தக் குழுவுக்கே. 2011இல் முதல் ஐந்து இடமும். 2017இல் ஃபுகுவோக்கா மாகாணத்தில் மலைப்பகுதியில் 585 சிடிகளைக் கொட்டியதற்காக ஒருவர் மீது வழக்குப் போட்டார்கள். சீட்டை எடுத்துக்கொண்ட பின் வட்டு வெறும் குப்பை. அந்த 585உம் ஒரிகான் கணக்கில் விற்பனைதான்.

2020இல் கொரோனா வந்து கைகுலுக்கலை நிறுத்தியபோது இந்த முறை செத்துவிடும் என்று பலர் நினைத்தார்கள். சீட்டு வீடியோ அழைப்புக்கு மாறியது, அவ்வளவுதான்.

ஒரிகான்: பழைய தராசு, நேரான எண்

இவ்வளவு சொன்ன பிறகும் ஒரிகானை ஒதுக்கிவிட முடியாது. அதன் வாரப் பட்டியல் 1968 ஜனவரியில் தொடங்கி இடைவிடாமல் வருகிறது. புள்ளி, குறியீடு என்று எதுவும் இல்லாமல், எத்தனை வட்டு என்று நேராகச் சொல்கிறது. 1975இல் வந்த 'ஒயோகே! தையாகி-குன்' என்ற சிறுவர் பாட்டு 45 லட்சம் பிரதிகளைத் தாண்டியது, 1999இல் உதாதா ஹிகாருவின் 'ஃபர்ஸ்ட் லவ்' ஆல்பம் 76 லட்சத்தைத் தாண்டியது என்றெல்லாம் இன்று சொல்ல முடிவது அந்தத் தொடர்ச்சியால்தான்.

தவறு நடந்தது வேறு இடத்தில். ஐடியூன்ஸ் கடை ஜப்பானில் 2005 ஆகஸ்டில் திறந்தது. அதற்கு முன்பே, 2002 கடைசியில், கைபேசியில் பாட்டைத் துண்டாக இறக்கும் 'சகு-உதா' சந்தை தொடங்கியிருந்தது. ஒரிகான் டவுன்லோடு சிங்கிளுக்குப் பட்டியல் போட்டது 2017 டிசம்பரில். ஸ்ட்ரீமிங்கும், எல்லாவற்றையும் கூட்டிய பட்டியலும் 2018 டிசம்பரில். அதாவது பன்னிரண்டு ஆண்டுக்கு மேல், பாட்டை இறக்கிக் கேட்டவர்கள் இந்தப் பட்டியலில் இல்லவே இல்லை. அந்த ஆண்டுகளின் ஒரிகானைக் கொண்டு 'அப்போது ஜப்பானியர் என்ன கேட்டார்கள்' என்று எழுதுகிற கட்டுரைகள் எல்லாம் சறுக்குவது இங்கேதான்.

நாள் கணக்கிலும் ஒரு பொறி உண்டு. ஒரிகான் வாரம் திங்கள் முதல் ஞாயிறு வரை. முடிவு செவ்வாயன்று வெளியாகும், ஆனால் பட்டியலில் போடும் தேதி அதற்கு அடுத்த திங்கள். ஜனவரி 1 முதல் 7 வரை எண்ணியது 'ஜனவரி 15' என்ற பெயரில் வரும். சிடிகள் வழக்கமாகப் புதன்கிழமை வெளியீடு. கடைக்குச் சரக்கு செவ்வாயே வந்து அன்றே விற்கத் தொடங்கும். முந்திக்கொண்டு வாங்கும் இந்த வழக்கத்துக்கு 'ஃப்ளையிங் கெட்' என்று பெயர். ஏகேபி48இன் 2011 நம்பர் ஒன் சிங்கிளின் தலைப்பே அதுதான்! ஆக, முதல் வாரம் என்பது செவ்வாய் முதல் ஞாயிறு வரை ஆறு நாள். வேறு கிழமையில் வெளியான வட்டோடு முதல் வார எண்ணை ஒப்பிடும்போது இதைக் கழித்துப் பார்க்க வேண்டும்.

பில்போர்ட் ஜப்பான்: பல காது, மாறும் எடை

ஹாட் 100 ஜப்பானில் 2008இல் தொடங்கியது. ஆரம்பத்தில் சிடி விற்பனையும் வானொலி ஒலிபரப்பும் மட்டும். பிறகு டவுன்லோடு, 2013இல் ட்விட்டர், 2015இல் ஸ்ட்ரீமிங்கும் யூடியூபும், 2018 கடைசியில் கரோகே (இசை ஓட, வாடிக்கையாளரே பாடும் பொழுதுபோக்கு) என்று ஒவ்வொன்றாகச் சேர்ந்தது. ஸ்ட்ரீமிங்கில் காசு கட்டிக் கேட்பவரின் ஒரு கேட்பு, இலவசமாகக் கேட்பவரின் கேட்பைவிட எடை கூடியது.

இவற்றில் அழகானது, இப்போது இல்லாத ஒன்று. 'லுக்-அப்' என்று அதற்குப் பெயர். சிடியைக் கணினியில் செருகினால் பாட்டுப் பெயர்களை நிரப்ப மென்பொருள் ஒரு தரவுத்தளத்தைக் கேட்கும் அல்லவா? அந்தக் கேள்விகளை எண்ணினார்கள். ஐம்பது சிடி வாங்கிய ரசிகர் செருகுவது ஒன்றைத்தான். மாறாக, வாடகைக் கடையின் ஒரே வட்டை ஐம்பது பேர் வீட்டுக்குக் கொண்டுபோய்ச் செருகுவார்கள். இசைத்தட்டு வாடகை ஜப்பானில் 1980இலேயே, சிடி வருவதற்கும் முன்பே தொடங்கிய தொழில், விற்பனைப் பட்டியல் எதிலும் தெரியாத கேட்பு அது. விற்பனையில் முதலிடம், லுக்-அப்பில் இருபதாம் இடம் என்றால் வாங்கியவர் குறைவு, வாங்கிய வட்டு அதிகம் என்று உடனே தெரிந்துவிடும். கணினியில் வட்டுச் செருகும் இடமே மறைந்துகொண்டிருக்க, 2022 டிசம்பரில் லுக்-அப்பும் ட்விட்டரும் ஒன்றாக நீக்கப்பட்டன. ட்விட்டர் போனதில் வருத்தப்பட ஒன்றுமில்லை. பாட்டின் பெயரையும் பாடியவர் பெயரையும் ரசிகர்கள் கூட்டமாகப் பதிவிட்டால் ஏறிவிடும் அளவுகோல் அது.

சிடிக்கும் இங்கே கடிவாளம் உண்டு. 2017 முதல், ஒரு வாரத்தில் குறிப்பிட்ட எண்ணைத் தாண்டி விற்கும் பகுதிக்கு எடை குறைக்கப்படுகிறது. பத்து லட்சம் விற்றாலும் முழுப் பத்து லட்சத்துக்கும் புள்ளி வராது. ஸ்ட்ரீமிங்கில் வேறு வகை விளையாட்டு. 'இந்தப் பாட்டை இத்தனை முறை ஓட்டினால் குலுக்கலில் பரிசு' என்று இசைச் செயலிகளில் போட்டி நடத்துவார்கள். ஒலியைக் குறைத்து இரவெல்லாம் ஓடவிடும் கைபேசிகள் பாட்டை மேலே தள்ளும். அதற்கும் பிறகு எடைக் குறைப்பு வந்தது.

பில்போர்டின் பலவீனமும் இதுவேதான். எடைகள் அடிக்கடி மாறுகின்றன. 2016இன் ஹாட் 100 முதலிடமும் 2024இன் முதலிடமும் ஒரே தராசில் நிறுத்தவை அல்ல. ஒரிகானில் 'இது அதைவிட இரண்டு லட்சம் கூட விற்றது' என்று பேசலாம். ஹாட் 100இன் புள்ளிகளை ஆண்டு தாண்டிக் கழித்துப் பார்ப்பதில் பொருளில்லை.

யார் எதைப் பார்க்க வேண்டும்

அரங்கு பிடிப்பவருக்கு ஒரிகான். வட்டு வாங்கியவர் காசு செலவழிக்கத் தயங்காதவர். டிக்கெட்டும் துண்டும் டீ-ஷர்ட்டும் வாங்கப் போவது அவர்தான். ஒரே ரசிகர் பத்து சிடி வாங்கியிருந்தால் ஆள் எண்ணிக்கை தப்பும், ஆனால் பணத்தின் கணக்கு தப்பாது. ஜப்பானிய இசைத் தொழிலின் கணக்கும் இன்னும் அந்தப் பக்கமே சாய்ந்திருக்கிறது. 2023இல் ஒலி, ஒளி வட்டுகளின் உற்பத்தி மதிப்பு சுமார் 22,070 கோடி யென், ஸ்ட்ரீமிங் வருவாய் சுமார் 10,560 கோடி யென். ஸ்ட்ரீமிங் முதன்முறையாகப் பத்தாயிரம் கோடி யென்னைத் தாண்டிய ஆண்டு அது, அப்போதும் வட்டில் பாதிதான்.

விளம்பரத்துக்கோ அனிமேக்கோ (ஜப்பானிய அனிமேஷன்) பாட்டுத் தேடுபவருக்கும், வெளிநாட்டில் என்ன எடுபடும் என்று பார்ப்பவருக்கும் பில்போர்ட். 2023இன் 'ஐடல்' (யோஅசோபி), 2024இன் 'பிளிங்-பாங்-பாங்-பார்ன்' (கிரீப்பி நட்ஸ்) இரண்டும் அனிமேயோடு வந்து ஹாட் 100 ஆண்டு முதலிடம் பிடித்தவை. 'ஐடல்' பில்போர்டின் அமெரிக்கா நீங்கலான உலகப் பட்டியலிலும் முதலிடம் போனது. ஜப்பானிய மொழிப் பாட்டு ஒன்றுக்கு அது முதல்முறை.

மூன்றாவதாக ஒரு எண்ணும் செய்திகளில் வரும்: ஜப்பான் இசைப்பதிவுச் சங்கத்தின் கோல்டு, பிளாட்டினம் சான்று. ஒரு லட்சம் என்றால் கோல்டு, இரண்டரை லட்சம் என்றால் பிளாட்டினம். கவனிக்க வேண்டியது, இது கடைக்கு அனுப்பிய எண்ணிக்கை, விற்றது அல்ல. ஸ்ட்ரீமிங்குக்கு 2020 முதல் தனிச் சான்று: ஐந்து கோடி கேட்புக்குக் கோல்டு, பத்துக் கோடிக்குப் பிளாட்டினம், ஐம்பது கோடிக்கு டயமண்ட்.

ஒரு பாட்டைச் சோதிக்கும் முறை

ஒரே பட்டியலைப் பார்க்காமல் நான்கு வாரத்தைப் பாருங்கள். ஒரு பேச்சுக்கு, ஒரு சிங்கிள் முதல் வாரம் 3 லட்சம், இரண்டாம் வாரம் 15,000 விற்கிறது என்று வைத்துக்கொள்வோம். இருபதில் ஒரு பங்கு. வாங்க வேண்டியவர்கள் முதல் ஆறு நாளிலேயே வாங்கி முடித்துவிட்டார்கள், வெளியாள் யாரும் வரவில்லை. அதே பாட்டு ஹாட் 100இல் முதல் வாரம் முதலிடத்துக்குப் பக்கத்தில் நின்று, மூன்றாம் வாரம் காணாமல் போகும். மாறாக ஹாட் 100இல் வாரத்துக்கு வாரம் 60, 40, 12, 5ஆம் இடம் என்று ஏறி வருகிற பாட்டை மக்களே ஒருவருக்கொருவர் சொல்லிப் பரப்புகிறார்கள். அதன் சிடி எண் ஐயாயிரமாக இருந்தாலும் கவலை இல்லை. கடைசியாகக் கரோகேயைப் பாருங்கள். அங்கே எல்லாமே மெதுவாக நடக்கும், புதுப் பாட்டு ஏற மாதக்கணக்காகும். ஏறியது இறங்கவும் அவ்வளவு காலம் ஆகும். பாடிப் பார்க்கக் காசு கொடுத்து அறை எடுப்பவரைச் சீட்டு கொடுத்து வரவழைக்க முடியாது.

ஆண்டுப் பட்டியலைப் பார்க்கும்போது கணக்கு எங்கே முடிகிறது என்றும் பாருங்கள். பில்போர்ட் ஜப்பான் நவம்பர் கடைசியில் மூடுகிறது, ஒரிகான் டிசம்பரில். டிசம்பர் முதல் வாரம் வெளியான சிங்கிள் ஒன்றில் இந்த ஆண்டும் மற்றதில் அடுத்த ஆண்டும் வரலாம்.

இரட்டைப் பாட்டு சிங்கிளில் இன்னொரு சிக்கல். 2020இன் ஸ்டோன்ஸ், ஸ்னோ மேன் வட்டு ஒரிகானுக்கு ஒரே பொருள்; இரண்டு குழுக்களின் ரசிகர்களும் வாங்கியது ஒன்றாகச் சேர்ந்து முதல் வாரத்திலேயே பத்து லட்சத்தைத் தாண்டியது. ஹாட் 100 வரிசைப்படுத்துவது வட்டை அல்ல, பாட்டை. 'வட்டு முதலிடம்' என்பதை 'பாட்டு முதலிடம்' என்று எழுதினால் அங்கே பாதிப் பிழை வந்துவிட்டது.

'ஒரிகான் முதலிடம்' என்று மட்டும் எழுதிய விளம்பரத்தைப் பார்த்தால் எந்த ஒரிகான் என்று கேளுங்கள். சிங்கிள், டிஜிட்டல் சிங்கிள், ஸ்ட்ரீமிங், எல்லாம் கூட்டியது என்று தனித்தனிப் பட்டியல்கள் உண்டு, அவற்றில் நாள் பட்டியலும் உண்டு. எதிர்ப்பில்லாத ஒரு செவ்வாய்க்கிழமை நாள் பட்டியலில் முதலிடம் வர, ஒரு நடுத்தரக் குழுவின் ரசிகர் கூட்டம் போதும்.