கட்டிய கட்சி இன்று அவையில் இல்லை: ரெஜைனா சட்டமன்றச் சுற்றுப்பார்வை பற்றிய மதிப்புரை

சஸ்காச்சுவான் மாகாணத்தின் தலைநகரான ரெஜைனாவில், வஸ்கானா ஏரியின் தென்கரையில் நிற்கும் சட்டமன்றக் கட்டடத்தை வழிகாட்டியுடன் சுற்றிப் பார்ப்பதற்குக் கட்டணம் எதுவும் இல்லை. கனடாவின் சமவெளி மாகாணங்களுக்குச் செல்லும் தமிழர்களில் பெரும்பாலோர் மலைகளை நோக்கி மேற்கே விரைந்துவிடுவார்கள். அரசியலில் சிறிதேனும் ஆர்வம் உள்ளவர்கள் ரெஜைனாவில் ஒரு முற்பகலை ஒதுக்க வேண்டும் என்று வலியுறுத்தவே இதை எழுதுகிறேன். இந்த ஒரே கூரையின் கீழ் கட்சிகள் பிறந்து, ஆண்டு, பெயர் மாறி, மறைந்து போன வரலாற்றை நடந்தே படிக்க முடிகிறது.

நாங்கள் சென்ற அன்று சுற்றுப்பார்வை அரை மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாக நீடித்தது. வழிகாட்டி நிதானமாகப் பேசினார். கேட்ட கேள்விகளுக்கெல்லாம் பொறுமையாக விடை சொன்னார். எந்தக் கட்சியையும் உயர்த்தியோ தாழ்த்தியோ ஒரு சொல்லும் சொல்லவில்லை. அவைக்குப் பொதுவான சேவையில் இருப்பவர் அப்படித்தான் பேச வேண்டும். எனவே தீர்ப்பு சொல்லும் பொறுப்பு நம்முடையதாகிவிடுகிறது. அதற்கு மாகாண வரலாற்றை ஓரளவு படித்துவிட்டுச் செல்வது அவசியம்.

முதலில் சுவரைக் கவனியுங்கள். மனிடோபாவில் வெட்டி எடுக்கப்பட்ட டிண்டால் சுண்ணாம்புக்கல்லால் ஆன வெளிச்சுவரில், வெளிர் மஞ்சள் பரப்பின் மேல் பழுப்பு நிறத்தில் கிளை கிளையாகக் கோடுகள் ஓடுகின்றன. நான் கைவைத்துப் பார்த்த கல் ஒன்றில், நத்தை ஓட்டின் சுருள் உள்ளங்கை அளவுக்குத் தெளிவாகப் பதிந்திருந்தது. ஒரு காலத்தில் இந்தச் சமவெளியை மூடியிருந்த கடலின் எச்சம் அது. செங்கல்லால் கட்டுவதாகத்தான் முதலில் திட்டம் இருந்தது. மாகாணத்தின் முதல் முதல்வரும் லிபரல் கட்சித் தலைவருமான வால்டர் ஸ்காட் இந்தக் கல்லைத் தேர்ந்தெடுத்தார். 1908-இல் தொடங்கிய கட்டுமானம் 1912-இல் நிறைவுற்றது. உள்ளே 34 வகைப் பளிங்குகள் பயன்படுத்தப்பட்டுள்ளன. அவை மண்டபம் 125 உறுப்பினர்கள் அமரும் அளவுக்குத் திட்டமிடப்பட்டது. இன்றைய உறுப்பினர்களோ 61 பேர்தான். மாகாணம் பெருகிக்கொண்டே போகும், அதைத் தாங்களே ஆண்டுகொண்டிருப்போம் என்று 1905 முதல் 1929 வரை தொடர்ந்து ஆட்சியில் இருந்த ஒரு கட்சி நம்பியதை அந்த மண்டபத்தின் அகலத்தில் என்னால் உணர முடிந்தது.

அந்த லிபரல் கட்சிக்கு 1999-க்குப் பிறகு நடந்த எந்தப் பொதுத் தேர்தலிலும் ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை. 2023-இல் அது தன் பெயரையே சஸ்காச்சுவான் முன்னேற்றக் கட்சி என்று மாற்றிக்கொண்டது. வால்டர் ஸ்காட்டின் படத்தைக் கடந்து செல்லும்போது இந்தச் செய்தியை மனத்தில் வைத்திருந்தால் அந்தப் படம் வேறு விதமாகத் தெரியும்.

சுற்றுப்பார்வையின் உச்சம் அவை மண்டபம்தான். அவைத்தலைவரின் வலப்பக்கம் ஆளுங்கட்சி, இடப்பக்கம் எதிர்க்கட்சி. இந்த எளிய ஏற்பாட்டை மனத்தில் நிறுத்திக்கொண்டு தேர்தல் முடிவுகளை ஒவ்வொன்றாக அந்த இருக்கைகளில் பொருத்திப் பாருங்கள். 1934-இல் ஆட்சியில் இருந்த கன்சர்வேடிவ் கட்சி ஓர் இடம்கூட இல்லாமல் துடைத்தெறியப்பட்டது. வறட்சியும் கோதுமை விலையின் வீழ்ச்சியும் விவசாயிகளை முறித்துப்போட்டிருந்த காலம் அது. 55 இடங்களில் 50-ஐ லிபரல் கட்சி கைப்பற்ற, மீதி 5 இடங்களில் விவசாயி-தொழிலாளர் அணி என்ற புதியவர்கள் வந்து அமர்ந்தார்கள். சி.சி.எஃப். என்று அழைக்கப்பட்ட கூட்டுறவுப் பொதுநலக் கூட்டமைப்பின் மாகாணக் கிளையாக விரைவில் மாறியவர்கள் அவர்களே. அந்தக் கூட்டமைப்பு 1932-இல் கால்கரியில் தொடங்கப்பட்டு, அடுத்த ஆண்டு இதே ரெஜைனா நகரில் தன் கொள்கை அறிக்கையை ஏற்றுக்கொண்டது. பத்தே ஆண்டுகளில், 1944-இல், வேபர்ன் ஊரின் பாப்டிஸ்ட் போதகராக இருந்த டாமி டக்ளஸ் தலைமையில் 47 இடங்களுடன் ஆட்சியைப் பிடித்தது. அவ்வளவு பேரை வலப்பக்கத்தில் மட்டும் அடக்க முடிந்திருக்காது, எதிர்வரிசைக்கும் அவர்கள் வழிந்திருப்பார்கள் என்று எண்ணியபடி அந்த மேசைகளை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

டக்ளஸின் ஆட்சி 1947-இல் மருத்துவமனைக் காப்பீட்டைக் கொண்டுவந்தது. சிறுவயதில் எலும்பு நோயால் காலை இழக்கும் நிலைக்கு வந்து, வின்னிபெக்கில் ஓர் அறுவைச் சிகிச்சை நிபுணரின் இலவச உதவியால் தப்பியவர் அவர். தகப்பனாரின் கையில் பணம் இல்லை என்பதற்காக ஒரு பிள்ளை காலை இழக்கக் கூடாது என்ற எண்ணம் அங்கேதான் அவருக்கு வேரூன்றியது. சி.சி.எஃப்.-இன் தொடர்ச்சியாகப் புதிதாகத் தொடங்கப்பட்ட புதிய ஜனநாயகக் கட்சியின் தேசியத் தலைவராக அவர் சென்றபின், முதல்வர் உட்ரோ லாய்ட் 1962 ஜூலை 1 அன்று அனைவருக்குமான மருத்துவக் காப்பீட்டை நடைமுறைப்படுத்தினார். மருத்துவர்கள் 23 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஜூலை 11 அன்று இந்தக் கட்டடத்தின் முன்னால் எதிர்ப்புப் பேரணி நடந்தது. பல்லாயிரம் பேர் திரள்வார்கள் என்று எதிர்பார்க்கப்பட்ட இடத்துக்குச் சில ஆயிரம் பேரே வந்தார்கள். எதிர்ப்பின் வேகம் அதோடு தணியத் தொடங்கியது. என் தாயாருக்கு இந்த நாட்டில் அறுவைச் சிகிச்சை நடந்து வீடு திரும்பியபோது, யாரும் எங்களிடம் பணம் கேட்கவில்லை. அந்த நிம்மதியின் தொடக்கப் புள்ளி இந்தப் புல்வெளிக்கு எதிரே உள்ள அவைதான் என்று எண்ணியபோது, வாசற்படியிலிருந்து இறங்க எனக்கு மனம் வரவில்லை.

1964-இல் சி.சி.எஃப். தோற்றது. அதைத் தோற்கடித்த லிபரல் தலைவர் ராஸ் தாட்சர், முன்னர் சி.சி.எஃப். சார்பில் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர். அவரும் காப்பீட்டைக் கலைக்கவில்லை. 1968-இல் நோயாளிகளிடம் ஒரு சிறு கட்டணம் வாங்கும் முறையை மட்டும் புகுத்தினார். 1971-இல் ஆட்சிக்கு வந்த புதிய ஜனநாயகக் கட்சி முதல்வர் ஆலன் பிளேக்னி அதை நீக்கினார்.

மற்றொரு நிறுத்தத்தையும் தவறவிடக் கூடாது. பூர்வகுடித் தலைவர்களை எட்மண்ட் மாரிஸ் பாஸ்டல் வண்ணத்தில் தீட்டிய படங்கள் இங்கே உள்ளன. மாகாண அரசே கேட்டு வரைவித்தவை அவை. அந்த முகங்களைச் சுவரில் மாட்டிய மாகாணம், சட்டப்படி பூர்வகுடியினராகப் பதிவுபெற்ற மக்களுக்கு 1960-இல்தான் மாகாணத் தேர்தலில் வாக்குரிமை அளித்தது. பெண்கள் அந்த உரிமையை 1916-இலேயே பெற்றிருந்தார்கள். கட்சி வரலாறு பேசும் எவரும் இந்த இடைவெளியைக் கடந்து போகக் கூடாது என்பது என் உறுதியான கருத்து.

செல்லும் முன் ஆயத்தம் செய்துகொள்ள விரும்பி, பெயர் குறிப்பிட விரும்பாத ஒரு கட்டண ஒலி வழிகாட்டியை நான் வாங்கினேன். அது வீண் செலவாகப் போயிற்று. இன்று ஆளும் சஸ்காச்சுவான் கட்சியைப் பழைய முற்போக்குக் கன்சர்வேடிவ் கட்சியின் மறுபெயர் என்று ஒரே வரியில் அது முடித்துவிட்டது. உண்மை அவ்வளவு எளிதன்று. கிராண்ட் டிவைன் தலைமையில் 1982-இல் 55 இடங்களை வென்ற கன்சர்வேடிவ் கட்சி, 1991-இல் தோற்றபின், அதன் உறுப்பினர்கள் சிலர் அரசுப் படிகளை மோசடியாகப் பெற்ற வழக்குகளில் தண்டிக்கப்பட்டதால் நிலைகுலைந்தது. 1997-இல் அக்கட்சியின் நான்கு உறுப்பினர்களும் லிபரல் கட்சியின் நான்கு உறுப்பினர்களும் சேர்ந்து தொடங்கியதே சஸ்காச்சுவான் கட்சி. 1999 தேர்தலில் அது புதிய ஜனநாயகக் கட்சியைவிடச் சற்று அதிக வாக்குகள் பெற்றும் ஆட்சியைப் பிடிக்க முடியவில்லை. 58 இடங்களில் சரிபாதியான 29-ஐ மட்டும் வென்ற புதிய ஜனநாயகக் கட்சித் தலைவர் ராய் ரோமனோவ், லிபரல்களைச் சேர்த்துக்கொண்டு ஆட்சி அமைத்தார். 2007-இல் பிராட் வால் தலைமையில் வென்ற சஸ்காச்சுவான் கட்சி இன்றுவரை ஆட்சியில் இருக்கிறது. ஆனால் 2024 தேர்தலில் அதற்கு 34 இடங்கள், எதிர்க்கட்சியான புதிய ஜனநாயகக் கட்சிக்கு 27. ரெஜைனாவின் எல்லாத் தொகுதிகளும் எதிர்க்கட்சிக்குப் போயின. கிராமமும் நகரமும் இப்படி இரண்டாகப் பிரிந்து நிற்பதை அவை மண்டபத்தின் இரு பக்கங்களிலும் நேரடியாகக் காணலாம்.

அதற்காகவே, வசந்த காலத்திலோ இலையுதிர் காலத்திலோ அவை கூடும் நாளாகப் பார்த்துச் செல்லுமாறு பரிந்துரைக்கிறேன். முதலில் வழிகாட்டியுடன் கட்டடத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டுப் பார்வையாளர் மாடத்தில் அமர்ந்து கேள்வி நேரத்தைக் கேளுங்கள். பள்ளிப் பிள்ளைகளை அழைத்துச் செல்பவர்கள் சுவரிலுள்ள கல்நத்தைகளைத் தேடச் சொல்லித் தொடங்கினால், அவர்கள் உள்ளேயும் ஆர்வத்தோடு வருவார்கள். குளிர்காலத்தில் ஏரிப்பக்கக் காற்று கடுமையாக இருக்கும் என்பதால் தக்க உடையுடன் செல்லுங்கள். என்னிடம் ஐந்துக்கு எத்தனை புள்ளி என்று கேட்டால், தயக்கமின்றி ஐந்து என்பேன். அடுத்த முறை ரெஜைனாவிலிருந்து வேபர்ன் வரை சென்று, டக்ளஸ் போதித்த தேவாலயத்தையும் பார்த்துவர எண்ணியிருக்கிறேன்.