நாகசாகியில் ஒரு நாள்: பேருந்துச் சுற்றுலாவா, டிராம் பாஸா, உள்ளூர் வழிகாட்டியா?

நாகசாகிக்கு ஒரே ஒரு நாள் ஒதுக்கியிருப்பவர்களுக்கு மூன்று வழிகள் உண்டு. காலையில் ஏற்றி மாலையில் இறக்கிவிடும் பேருந்துச் சுற்றுலா. டிராமுக்கு ஒரு நாள் பாஸ் வாங்கிக்கொண்டு நம் போக்கில் சுற்றுவது. உள்ளூர் வழிகாட்டி ஒருவரை அரை நாளுக்கு அமர்த்தி அவரோடு நடப்பது. நான் முதல்முறை சொகுசுக் கப்பலில் வந்து இறங்கிய கூட்டத்தோடு பேருந்தில் பார்த்தேன். அடுத்த முறை அம்மாவையும் அழைத்துக்கொண்டு ஃபுகுவோகாவிலிருந்து ரயிலில் போனேன்; காலையில் வழிகாட்டி, மதியத்துக்கு மேல் டிராம் என்று பிரித்துக்கொண்டோம். இனி யார் கேட்டாலும் இந்த இரண்டாவது ஏற்பாட்டைத்தான் சொல்வேன்.

ஊர் எப்படி அமைந்திருக்கிறது என்று தெரிந்துவிட்டால் பாதிக் குழப்பம் தீரும். நீளமான, ஒடுங்கிய துறைமுகம். சுற்றிலும் மலை, மலைச்சரிவு முழுக்க வீடுகள். சமதளம் கொஞ்சம்தான். அந்தச் சமதளத்தில் வடக்கே உரகாமி பள்ளத்தாக்கு. அணுகுண்டு விழுந்தது அங்கே. தெற்கே துறைமுகத்தை ஒட்டி தெஜிமா, சீனத்தெரு, ஓவுரா தேவாலயம், குளோவர் தோட்டம். நடுவில் ரயில் நிலையம். வட கோடிக்கும் தென் கோடிக்கும் இடையே ஏறக்குறைய ஐந்து கிலோமீட்டர், அவ்வளவுதான். இந்தத் தூரம் முழுவதையும் டிராம் இணைத்துவிடுகிறது. சில நிமிடங்களுக்கு ஒன்று வரும். பின் கதவில் ஏறி, இறங்கும்போது ஓட்டுநர் பக்கத்தில் காசு போட வேண்டும். எவ்வளவு தூரம் போனாலும் ஒரே கட்டணம். ஒரு நாள் பாஸ் நாங்கள் வாங்கியபோது 600 யென்.

பேருந்துச் சுற்றுலாவுக்கு நாம் கொடுக்கும் பணத்தில் பெரும்பகுதி வண்டிக்கும் ஓட்டுநருக்கும் மதியச் சாப்பாட்டுக்கும் போகிறது. வேறு ஊராக இருந்தால் அது நியாயம். கோயிலுக்குக் கோயில் பத்துப் பதினைந்து கிலோமீட்டர் என்று சிதறிக் கிடக்கும் இடங்களில் வண்டி இல்லாமல் ஒரு நாளில் ஒன்றும் பார்க்க முடியாது. நாகசாகியில் அந்த வேலையை டிராம் சல்லிக்காசுக்குச் செய்துவிடுகிறது. இங்கே பணம் கொடுத்து வாங்க வேண்டியது வேறு ஒன்று: இடத்தில் நின்று விளக்கிச் சொல்ல ஒரு ஆள். இந்த ஊரில் கண்ணுக்குத் தெரிவது கொஞ்சம், நடந்தது நிறைய.

பேருந்திலும் வழிகாட்டி இருந்தார், குறை சொல்ல முடியாது. மைக்கில் நன்றாகவே பேசினார். ஆனால் பேச்சு முழுக்க வண்டிக்குள்ளேதான். கதவு திறந்ததும் "இருபது நிமிடம், இதே இடத்துக்கு வந்துவிடுங்கள்" என்று சொல்லிவிட்டுக் கொடியோடு ஒதுங்கிவிட்டார். நாற்பது பேர் இறங்கவும், கழிப்பறைக்குப் போய் வரவும், திரும்ப ஏறவும் அதில் பாதி போய்விட்டது. மிச்ச நேரத்தில் அமைதிப் பூங்காவின் பெரிய சிலை முன்னால் வரிசையில் நின்று படம் எடுத்துக்கொண்டோம். 1955இல் கிடாமுரா செய்போ வடித்த சிலை அது. வலது கை வானத்திலிருந்து வந்த ஆபத்தைக் காட்டுகிறது, நீட்டிய இடது கை அமைதிக்கு. அந்த விளக்கம் எந்தக் கையேட்டிலும் கிடைக்கும்.

அதே பூங்காவுக்கு இரண்டாவது முறை போனபோது வழிகாட்டி அம்மையார் எங்களைச் சிலைப் பக்கமே விடவில்லை. ஓய்வு பெற்ற ஆசிரியை, எழுபதை நெருங்குபவர். முதலில் புல்வெளி ஓரத்தில் தரையோடு தரையாகத் தெரியும் ஒரு கான்கிரீட் கோட்டைக் காட்டி நிற்கச் சொன்னார். பூங்கா இருக்கும் மேட்டில் 1945இல் இருந்தது ஒரு சிறைச்சாலைக் கிளை. அந்தக் கோடு அதன் சுவரின் அடித்தளம். அன்று உள்ளே இருந்த கைதிகள், காவலர்கள், காவலர்களின் குடும்பத்தார் என 134 பேரில் ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. பேருந்தில் வந்த அன்று இந்தக் கோட்டைத் தாண்டித்தான் சிலைக்குப் போயிருக்கிறேன். பிளாஸ்டிக் உறையில் போட்ட பழைய புகைப்படம் ஒன்றை எடுத்து, அது எடுக்கப்பட்ட அதே கோணத்துக்கு எங்கள் தோளைப் பிடித்துத் திருப்பி, படத்தை முன்னால் நீட்டினார். பின்னணியில் மலைவரிசை மட்டும் அப்படியே இருந்தது. நடுவில் ஒன்றுமே இல்லை.

அங்கிருந்து இறங்கி, குண்டு வெடித்த புள்ளிக்கு நேர் கீழே நிற்கும் கறுப்புத் தூணுக்கு வந்தோம். ஆகஸ்ட் 9, காலை 11.02, தலைக்கு மேலே ஏறக்குறைய 500 மீட்டர் உயரம். பேருந்துக் கூட்டம் இந்தத் தூணோடு திரும்பிவிட்டது. தூணுக்குப் பக்கத்தில் ஓடைக்கு இறங்கும் படிகள் இருக்கின்றன. அவற்றில் இறங்கினால் கரையோரம் கண்ணாடிக்குப் பின்னால் அந்தக் காலத்து மண்ணை அப்படியே வைத்திருக்கிறார்கள். உடைந்த கூரை ஓடுகள், செங்கல், உருகி வழிந்த கண்ணாடி. மேலே பூங்கா மண், அதற்குக் கீழே இந்த அடுக்கு. அம்மா குனிந்து வெகுநேரம் பார்த்தாள். "வீட்டுச் சாமானா இது?" என்று கேட்டாள். நான் மொழிபெயர்ப்பதற்குள் அந்த அம்மையாருக்குப் புரிந்துவிட்டது, ஆமாம் என்று தலையசைத்தார்.

பேருந்து போகவே முடியாத இடங்கள் வேறு இருக்கின்றன. சன்னோ ஆலயத்தின் ஒற்றைக்கால் தோரண வாசல் குறுகலான குடியிருப்புத் தெருவில், படிகளுக்கு மேலே நிற்கிறது. வெடித்த இடத்திலிருந்து 800 மீட்டர். பாதித் தோரணம் நிற்கிறது, விழுந்த மறுபாதியைப் பக்கத்திலேயே கிடத்தி வைத்திருக்கிறார்கள். உள்ளே கருகி மொட்டையாகிப் பிறகு துளிர்த்த இரண்டு கற்பூர மரங்கள், இன்று வானத்தை மறைக்கும் அளவுக்கு விரிந்திருக்கின்றன.

வழிகாட்டியால் எனக்குக் கிடைத்த பெரிய லாபம் இடங்களுக்கு நடுவிலுள்ள தொடர்பு. பேருந்து அட்டவணையில் ஓவுரா தேவாலயம் காலை, உரகாமி தேவாலயம் மாலை. இரண்டு தனித்தனி நிறுத்தங்கள். இந்த அம்மையார் சொன்னது ஒரே கதை. கிறிஸ்தவம் தடை செய்யப்பட்டிருந்த இருநூறு வருடங்களுக்கும் மேலாக உரகாமி கிராமத்தார் மறைவாகவே வழிபட்டுவந்தார்கள். 1865 மார்ச்சில், வெளிநாட்டவருக்காகப் புதிதாகக் கட்டிய ஓவுரா தேவாலயத்துக்கு நடந்து போய், பிரெஞ்சுப் பாதிரியார் பெத்திழானிடம் தாங்களும் அதே நம்பிக்கைதான் என்று மெல்லச் சொன்னார்கள். அதன் விளைவாக மூவாயிரத்துக்கும் மேற்பட்டோர் சொந்த ஊரை விட்டுப் பல ஊர்களுக்குத் துரத்தி அனுப்பப்பட்டார்கள். 1873இல் தடை நீங்கியது. பிழைத்துத் திரும்பி வந்தவர்கள் பல வருடம் பாடுபட்டுக் கட்டிய தேவாலயத்துக்குப் பக்கத்தில்தான், அந்த மார்ச் மாதத்துக்கு எண்பது வருடம் கழித்து, குண்டு விழுந்தது. இப்போது இருப்பது 1959இல் மீண்டும் எழுப்பியது. பழைய மணிக்கூண்டின் தலை மட்டும் அன்று உருண்டு விழுந்த சரிவிலேயே கிடக்கிறது. இதைக் கேட்ட பிறகு மதியம் ஓவுராவுக்குள் நுழைந்தபோது அது எங்களுக்கு வெறும் அழகான கட்டடமாக இல்லை.

சரி, தனியாகவே போனால் என்ன? போகலாம். அணுகுண்டு அருங்காட்சியகத்துக்கு வழிகாட்டியே தேவையில்லை, ஆங்கில விளக்கம் நிறைவாக இருக்கிறது. சொல்லப்போனால் அங்கே தனியாக இருப்பதே நல்லது. இரண்டு மணி நேரமாவது வேண்டும். பேருந்தில் எங்களுக்குக் கிடைத்தது முக்கால் மணி. 11.02இல் நின்றுபோன கடிகாரத்தைத் தேடிக் கண்டுபிடித்துப் படமெடுப்பதற்குள் கூப்பிட்டுவிட்டார்கள்.

தெற்குப் பக்கமும் டிராம் பாஸ் வைத்திருப்பவருக்கு எளிது. ஒரே ஒரு உபாயம் சொல்கிறேன். குளோவர் தோட்டத்துக்கு எல்லோரும் ஓவுரா தேவாலய நிறுத்தத்தில் இறங்கிக் கடைத்தெரு வழியாக மேலே ஏறுவார்கள். நீங்கள் கடைசி நிறுத்தமான இஷிபாஷி வரை போங்கள். அங்கே மலைச்சரிவில் சாய்வாக ஏறும் லிஃப்ட் இருக்கிறது, கட்டணம் கிடையாது. ஊர்க்காரர்கள் காய்கறிப் பையோடு ஏறுவார்கள். அதிலும் அதற்கடுத்த சாதாரண லிஃப்டிலும் ஏறினால் தோட்டத்தின் மேல்வாசல். அப்புறம் எல்லாம் இறக்கம்தான். முழங்கால் வலியோடு வந்த அம்மாவுக்கு இதுதான் அன்றைய பெரிய நிம்மதி. 1863இல் ஸ்காட்லாந்து வியாபாரி தாமஸ் குளோவர் கட்டிய மரவீட்டையும், எதிர்க்கரைக் கப்பல் தளத்தில் 1909இல் நிறுவிய ராட்சத பாரந்தூக்கியையும் ஒருசேரப் பார்க்கலாம்.

வழிகாட்டி வேண்டுமா என்ற கேள்வியில் தெஜிமா மட்டும் நடுவாந்தரம். 1636இல் போர்த்துகீசியரை அடைத்துவைக்கக் கடலில் மண்ணைக் கொட்டி உண்டாக்கிய விசிறி வடிவத் தீவு. 1641 முதல் டச்சுக்காரர்கள். நம் பழவேற்காட்டில் கோட்டை வைத்திருந்த அதே டச்சுக் கம்பெனிதான். இன்று சுற்றிலும் கடல் தூர்ந்து கட்டடங்கள் எழுந்துவிட்டன, தீவு என்று நம்புவதே சிரமம். மீட்டுக் கட்டிய வீடுகள் நன்றாக இருக்கின்றன. அட்டைகளைப் பொறுமையாகப் படிப்பவருக்கு ஆள் வேண்டாம்.

செலவைப் பார்ப்போம். தனி வழிகாட்டிக்கு, அதுவும் ஆங்கிலம் பேசுபவருக்கு, அரை நாளுக்கு இருபதாயிரம் யென்னை ஒட்டியோ அதற்கு மேலோ ஆகும். ஒற்றை ஆளாகப் போனால் கை கடிக்கும், மறுப்பதற்கில்லை. நான்கு பேர் என்றால் கணக்கு மாறும். பேருந்துக்குத் தலைக்கு இவ்வளவு என்று கட்டுவதோடு பெரிய வித்தியாசம் இருக்காது. நகரத்துத் தன்னார்வலர்கள் நடத்தும் நடைச் சுற்றுலாக்களும் உண்டு, மலிவு. ஆனால் பெரும்பாலும் ஜப்பானிய மொழியில்தான், முன்பதிவும் வேண்டும்.

பேருந்து எங்கே ஜெயிக்கிறது என்றும் சொல்ல வேண்டும். கப்பலில் வருபவர்களுக்கு, கப்பல் நிறுவனமே ஏற்பாடு செய்த சுற்றுலா தாமதமானால் கப்பல் பொதுவாகக் காத்திருக்கும். நீங்களாகச் சுற்றித் தாமதமானால் காத்திருக்காது. பதற்றக்காரர்களுக்கு இது ஒன்றே போதும். ஆனாலும் கப்பல் நிற்கும் மட்சுகாயே துறையிலிருந்து ஓவுரா தேவாலயம் நடக்கும் தூரம்தான். சக்கர நாற்காலியில் இருப்பவருக்கும் பேருந்தோ டாக்சியோ மேல். டாக்சியில் வழிகாட்டும் ஓட்டுநர்களும் இருக்கிறார்கள், நான் அதில் போனதில்லை. ஜூலை, ஆகஸ்ட் வெயிலிலும் நான் அங்கே நடந்ததில்லை. இரண்டு பயணமும் குளிர்காலத்தில், அதனால் "நடப்பது சுகம்" என்ற என் பேச்சைக் கொஞ்சம் தள்ளுபடி செய்தே எடுத்துக்கொள்ளுங்கள்.

ஃபுகுவோகாவிலிருந்து கிளம்பும் பேருந்துச் சுற்றுலாவை மட்டும் நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். போக இரண்டு மணி நேரத்துக்கு மேல், வர அதே அளவு. ரயிலில் தாகேவோ ஒன்சென் நிலையத்தில் எதிர் நடைமேடைக்கு மாறி ஷின்கான்சென் அதிவேக ரயிலைப் பிடித்தால் ஒன்றரை மணி நேரத்தை ஒட்டி ஆகிறது. அந்தப் பாதை 2022 செப்டம்பரில்தான் திறந்தது, அதனால் பழைய பயணக் குறிப்புகளில் இருக்காது.

சைவக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. பேருந்துச் சுற்றுலாவின் மதியச் சாப்பாடு பெரும்பாலும் சாம்பொன் நூடுல்ஸ். மேலே கிடக்கும் பன்றி இறைச்சியையும் கணவாயையும் ஒதுக்கிவிட்டாலும் சாறே எலும்பில் காய்ச்சியது. தனியாகப் போனால் ரயில் நிலையத்திலேயே ஏதாவது வாங்கிப் பையில் போட்டுக்கொள்ளலாம். காஸ்டெல்லா கேக்கில் முட்டை உண்டு.

கடைசியாக ஹாஷிமா, போர்க்கப்பல் போலத் தெரியும் அந்தப் பாழடைந்த சுரங்கத் தீவு. அதற்கு இந்த ஒப்பீடு எதுவும் பொருந்தாது: தனியாக இறங்க அனுமதி இல்லை, படகுச் சுற்றுலாவில்தான் போக வேண்டும். அலை அதிகமென்றால் தீவைச் சுற்றிக் காட்டிவிட்டுத் திருப்பிவிடுவார்கள். போய்வர மூன்று மணி நேரம் ஆகும். ஒரே நாள்தான் கையில் என்றால் அதையும் உரகாமியையும் சேர்த்து நெருக்காதீர்கள். இரவு தங்க முடிந்தால் மறுநாள் காலைப் படகுக்குப் பதிவு செய்துகொண்டு, முதல் நாள் இருட்டியதும் இனாசா மலைக்கு ஏறிப் போய்த் துறைமுக விளக்குகளைப் பாருங்கள்.