எஃகில் ஒட்டும் எஃப்.பி.ஜி. சென்சார் சங்கிலி: வாங்கலாமா?

பாலத்து கர்டர், அழுத்தக் கலன் போன்றவற்றில் திரிபு (நீளம் மாறும் விகிதம்) அளக்க நினைப்பவர்கள் முதலில் விலை கேட்பது, 10 மி.மீ. எஃப்.பி.ஜி. (ஃபைபர் பிராக் கிரேட்டிங்) கிரேட்டிங்குகள் வரிசையாகப் பதித்த வெற்று ஒளியிழையைத்தான். நல்ல பொருள். ஆனால் ஒட்டத் தெரிந்தவர் கையில் மட்டுமே அது நல்ல பொருள்.

இழையின் மையத்தில் புற ஊதா ஒளியால் பதித்த நுண்வரிகள்தான் கிரேட்டிங்; அவை ஒரு குறிப்பிட்ட அலைநீளத்தை மட்டும் திருப்பி அனுப்புகின்றன. இழை நீண்டால் வரிகளின் இடைவெளி கூடும்; சூடானால் கண்ணாடியின் ஒளிவிலகல் எண் மாறும். இரண்டுமே அந்த அலைநீளத்தை நகர்த்தும்: 1550 நானோமீட்டரில் 1 மைக்ரோஸ்ட்ரெயினுக்கு (நீளத்தில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு மாற்றம்) சுமார் 1.2 பைக்கோமீட்டர், 1 டிகிரி செல்சியஸுக்குச் சுமார் 10.

எஃகில் ஒட்டிவிட்டால் எஃகின் விரிவும் சேர்ந்துகொண்டு, டிகிரிக்கு ஏறத்தாழ 24 பைக்கோமீட்டர் ஆகிவிடும். காலைக்கும் மதியத்துக்கும் 10 டிகிரி வித்தியாசம் என்றால், பாரமே ஏறாத கர்டர் 200 மைக்ரோஸ்ட்ரெயின் காட்டும். அதைத் தகைவாக (ஓரலகுப் பரப்பில் உள்ள விசை) மாற்றினால் 40 மெகாபாஸ்கல். அத்தனையும் பொய். அதனால் வெப்பத்துக்கென்று தனி கிரேட்டிங் இல்லாத சங்கிலியை வாங்கவே கூடாது. அந்தக் கிரேட்டிங் சிறு குழாய்க்குள் தளர்வாகக் கிடக்க வேண்டும். குழாயோடு ஒட்டிக்கொண்டால் அதுவும் திரிபைத்தான் அளக்கும். அதே எஃகில் ஒரு சிறு துண்டை, பாரம் படாதபடி பக்கத்திலேயே வைத்து, அதில் இன்னொரு கிரேட்டிங்கை ஒட்டி, அது காட்டும் அளவைக் கழிப்பது இன்னும் நம்பகமானது.

மேல்பூச்சு பாலிஇமைடா என்று கேட்டு வாங்குங்கள். அக்ரிலேட் மென்மையானது, நாள்பட்ட பாரத்தில் இழை அதற்குள் வழுக்கி, திரிபு குறைவாகத் தெரியும்.

ஒட்டும் வேலைதான் முழு விஷயமும். பெயின்ட்டைச் சுரண்டி, உப்புத்தாள் போட்டு, அசிட்டோனில் நனைத்த துணியால் துடைக்க வேண்டும். துணியில் கறுப்பு வராதவரை நிறுத்தக் கூடாது. இழையை லேசாக இழுத்து, இரு பக்கமும் டேப் ஒட்டி, சயனோஅக்ரிலேட் பசையை மெல்லிய படலமாக விடுங்கள். கிரேட்டிங்குக்கு அடியில் குமிழியோ பசைக்கட்டியோ இருந்தால் 10 மி.மீ. நீளமும் சீராக நீளாது. திரும்பி வரும் ஒளியின் ஸ்பெக்ட்ரத்தில் தெரியும் ஒற்றைச் சிகரம் அகலும், அல்லது இரண்டாகப் பிளக்கும். அலைநீளத்தைப் படிக்கும் கருவியான இன்டரோகேட்டர் ஒரு சிகரத்திலிருந்து மற்றொன்றுக்குத் தாவ, வரைபடத்தில் திடீர்ப் படிகள் தெரியும். பலர் அதை விரிசல் என்று நினைத்துப் பதறுகிறார்கள். ஒட்டுமுன் ஒன்று, பசை காய்ந்தபின் ஒன்று என ஸ்பெக்ட்ரத்தைச் சேமித்து வைத்தால் இந்தக் குழப்பம் வராது.

ஆர்டர் கொடுக்கும்போது கிரேட்டிங்குகளுக்கிடையே 4 முதல் 5 நானோமீட்டர் அலைநீள இடைவெளி கேளுங்கள். 1525 முதல் 1565 வரை படிக்கும் கருவியில் ஓர் இழைக்கு எட்டு சென்சார் தாராளமாக அடங்கும். இரு முனையிலும் கனெக்டர் கட்டாயம். நடுவில் இழை அறுந்தால் மறுமுனையிலிருந்து மிச்சத்தைப் படித்துக்கொள்ளலாம். முனை சாய்வாகத் தீட்டிய பச்சை நிற ஏ.பி.சி. கனெக்டரை, முனை சாயாத நீல நிறத்தோடு சேர்க்காதீர்கள். சிக்னல் சரியும், முனையும் கெடும்.

செலவில் பெரும்பகுதி இன்டரோகேட்டருக்கே போகும். நாலைந்து புள்ளிகள்தான், பக்கத்தில் மின்காந்த இரைச்சலும் இல்லை என்றால் சாதாரண மின் ஸ்ட்ரெயின் கேஜே போதும். புள்ளிகள் பல, கேபிள் நீளம், வேலையாட்கள் வெயிலில் ஏணிமேல் நின்று ஒட்டவேண்டிய நிலை என்றால், கூடுதல் விலை கொடுத்தாவது எஃகுத் தகட்டில் பொருத்தி வரும், ஸ்பாட் வெல்டு செய்யும் வகையை வாங்குங்கள். வெற்று இழை ஆய்வுக்கூடத்துக்கும் மெல்லிய தகடுகளுக்கும் உரியது.