கடன் உள்ள வீடு: உரிமையாளரிடம் வாங்குவதா, வங்கி ஏலத்தில் எடுப்பதா?

வங்கிக் கடன் நிலுவையில் உள்ள வீட்டை உரிமையாளரிடமே பேசி, கடனை அடைத்து வாங்கலாம். இல்லையென்றால், அது வாராக்கடனாகி வங்கி ஏலத்துக்கு வரும்போது கேட்கலாம். விலை குறையும் என்பதால் பலருக்கு ஏலத்தின் மேல்தான் கண். ஆனால் பழைய உரிமையாளரின் பாக்கி நம் தலையில் விழாமல் காப்பது எது என்று கேட்டால், நான் முதல் வழியைத்தான் சொல்வேன்.

நேரடியாக வாங்குபவருக்குச் சொத்து மாற்றச் சட்டத்தின் 55-ஆவது பிரிவு துணை நிற்கிறது. விற்கும் நாள் வரையிலான வரி பாக்கியையும் சொத்தின் மீதான கடனையும் தீர்ப்பது விற்பவரின் கடமை. வேறு மாதிரி ஒப்பந்தம் செய்துகொள்ளாதவரை, பத்திரத்தில் எழுதாவிட்டாலும் இது பொருந்தும். ஆனால் அடமானம் வீட்டோடு ஒட்டிக்கொண்டே வரும். ‘வில்லங்கம் ஏதும் இருந்தால் என் சொந்தப் பொறுப்பில் தீர்த்துத் தருவேன்’ என்ற வாசகத்தை வைத்து விற்றவர் மேல் வழக்குப் போடலாமே தவிர, வங்கியைத் தடுக்க முடியாது.

அதனால் பணம் போகும் பாதையை நம் கையில் வைத்துக்கொள்ள வேண்டும். முதலில் கிரய ஒப்பந்தத்தைப் பதிவு செய்யுங்கள். வங்கியிடம் நிலுவைக் கடிதம் வாங்கி, அந்தத் தொகையை விற்பவரின் கடன் கணக்குக்கே கட்டுங்கள். அவர் கையில் கொடுத்து ‘நீங்களே கட்டிவிடுங்கள்’ என்று மட்டும் சொல்லாதீர்கள். அடமானம் தீர்ந்ததற்கான ரசீது ஆவணம் பதிவாகி, ஈ.சி.யில் (வில்லங்கச் சான்றில்) ஏறியதைப் பார்த்த பிறகு கிரயம் செய்யலாம். நடுவில் விற்பவர் பின்வாங்கினாலும், கொடுத்த பணத்துக்கு அந்த வீட்டின் மீதே உங்களுக்குப் பொறுப்புரிமை, அதாவது அந்த வீட்டிலிருந்தே பணத்தை மீட்கும் உரிமை உண்டு. அதுவும் இதே 55-ஆவது பிரிவில்தான் இருக்கிறது. கடன் முழுதாக அடைந்த 30 நாளுக்குள் வங்கி மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் இது ரிசர்வ் வங்கியின் விதி.

விற்பவரின் கைமாற்றுக் கடன் வீட்டோடு வராது. ஆனால் கிரயத்துக்கு முன்பே நீதிமன்றம் வீட்டை ஜப்தி செய்திருந்தால் கதை வேறு. ஈ.சி.யில் எல்லா வழக்கும் தெரியாது என்பதால் வழக்கறிஞரை வைத்துத் தேடச் சொல்லுங்கள்.

சரி, ஏலம்? ஏலம் எடுத்தால் அந்த வங்கியின் கடன் வீட்டை விட்டு நீங்கிவிடும். அது பெரிய நிம்மதி. மற்ற பாக்கிகள்தான் சிக்கல். தனக்குத் தெரிந்த வில்லங்கத்தை வங்கி ஏல அறிவிப்பில் சொல்ல வேண்டும். தெரியாதது, ‘உள்ளது உள்ளபடி’ என்ற சொல்லோடு நம்மிடம் வந்துவிடும். மின் கட்டண பாக்கியில் இதை நன்றாகப் பார்க்கலாம். மின் வாரிய விதி இடம் தந்தால், பழைய உரிமையாளரின் நிலுவையைக் கட்டினால்தான் இணைப்பு என்று புதியவரிடம் கேட்கலாம் என 2023 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ‘உள்ளது உள்ளபடி’ ஏலத்தில் வாங்கியவர்களும் அந்த வழக்குகளில் இருந்தார்கள்.

அப்புறம் பணக் கெடு. ஏலத்தொகையில் 25 சதவீதத்தை அன்றோ அடுத்த வேலை நாளிலோ கட்ட வேண்டும். மீதியை, விற்பனை உறுதியான 15 நாளில். எழுத்துப்பூர்வமாகக் கேட்டு வாங்கினாலும் நீட்டிப்பு மொத்தம் மூன்று மாதத்தைத் தாண்டாது. வீட்டுக் கடன் வந்துவிடும் என்று நம்பி இறங்கி, அது தாமதமானால் கட்டியது போய்விடும். 25 சதவீதம் முழுவதையும் வங்கி எடுத்துக்கொண்டது செல்லும் என்று 2024-ல் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

இன்னொன்று, சுவாதீனம், அதாவது வீடு யார் கையில் இருக்கிறது என்பது. வங்கியிடம் இருப்பது காகிதத்தில் மட்டும் உள்ள சுவாதீனம் என்றால் உள்ளே பழைய குடும்பம் இருக்கலாம், வாடகைக்காரர் இருக்கலாம். முழுப் பணமும் கையில் இருந்து, வீட்டின் சாவியும் வங்கியிடம் இருந்து, மின் கட்டணம், சொத்து வரி, குடிநீர் வரி நிலுவைகளை நேரில் விசாரித்து விலையில் கழித்துக் கணக்குப் போட்டிருந்தால் ஏலத்தில் கேளுங்கள்.