கும்பகோணத்தில் ஓ.டி. தேடி

சிங்கப்பூரிலிருந்து ஊருக்குக் கிளம்பும்போதே பல் டாக்டர், வங்கி, பத்திர ஆபீஸ் என்று ஒரு பட்டியல் கையில் இருக்கும். இந்த முறை அதில் முதல் வேலை, அப்பாவுக்கு ஆக்குபேஷனல் தெரபிஸ்ட் (சுருக்கமாக ஓ.டி.; அன்றாட வேலைகளைத் தானே செய்யப் பழக்குபவர்) ஒருவரைப் பிடிப்பது. அப்பாவுக்குப் பார்க்கின்சன் எனும் நடுக்குவாத நோய் வந்து சில வருடங்கள் ஆகின்றன. மாத்திரை ஒழுங்காகப் போகிறது, பிசியோவும் வந்து போகிறார். ஆனாலும் சட்டைப் பொத்தான் போட, குளித்துவிட்டு வர, நிலைப்படி தாண்ட அம்மா கூடவே நிற்க வேண்டியிருக்கிறது.

கும்பகோணத்தில் பிசியோவுக்குப் பஞ்சமில்லை. அரசின் 'மக்களைத் தேடி மருத்துவம்' 2021 ஆகஸ்டில் தொடங்கியதிலிருந்து, நடமாட முடியாதவர்களுக்கு வீட்டுக்கே வந்தும் பிசியோ செய்கிறார்கள். ஓ.டி. என்று கேட்டால்தான் முழிக்கிறார்கள். அப்பாவைப் பார்க்கும் தனியார் மருத்துவமனையில் விசாரித்தேன். "அது ஆட்டிசம் பிள்ளைங்களுக்குத்தானே சார்?" என்றார் ரிசப்ஷனில் இருந்த பெண். அவரைச் சொல்லிக் குற்றமில்லை. வேலூர் சி.எம்.சி., கோவை கே.எம்.சி.எச். என்று தமிழ்நாட்டில் இதைப் படிக்க நல்ல இடங்கள் உண்டு. ஆனால் நம் பக்கத்து ஊர்களில் நான் விசாரித்தவரை, படித்து வந்தவர்கள் குழந்தைகளுக்கான தெரபி சென்டர்களில்தான் இருக்கிறார்கள். சரி, அங்கேயே கேட்போம் என்று தஞ்சாவூரில் அப்படியொரு சென்டருக்கு போன் போட்டேன். பெரியவர்களையும் பார்ப்பேன், ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வருகிறேன் என்றார் அங்கிருந்த ஓ.டி. ஒரு தடவைக்கு 800 ரூபாய், பஸ் செலவு தனி.

வந்தவருக்கு முப்பது வயதுகூட இருக்காது. கையில் ஒரு அளவு டேப், பென்சில், நோட்டு, அவ்வளவுதான். "நீங்க பாட்டுக்கு உங்க வேலையைப் பாருங்க ஐயா, நான் இப்படி ஓரமா உட்கார்ந்திருக்கேன்" என்று சொல்லிவிட்டு, காபியிலிருந்து குளித்து உடுத்துவது வரை பார்த்துக்கொண்டே இருந்தார். இதற்கா 800 ரூபாய் என்பதுபோல் அம்மா என்னைப் பார்த்தார்.

முதலில் அவர் கை வைத்தது காபியில். அப்பா ஆயுசுக்கும் டம்ளரை அண்ணாந்தே குடித்தவர். பார்க்கின்சனில் விழுங்குவதும் மந்தமாகும். தலையைப் பின்னால் சாய்த்துக் குடித்தால் மூச்சுக்குழாய்க்குள் போக வாய்ப்பு அதிகம். முழங்கை இரண்டையும் மேசையில் ஊன்றி, அரை டம்ளர் மட்டும், வாய் வைத்துக் குடியுங்கள் என்றார். "எச்சில் பண்ணியா?" என்று அப்பா முறைத்தார். அவருக்கென்று தனி டம்ளர் ஒதுக்கியதும் பிரச்சினை தீர்ந்தது. விழுங்குவதில் வரும் சிக்கலையும் பார்ப்பவர் என்பதால் ஸ்பீச் தெரபிஸ்ட் ஒருவரிடமும் ஒருமுறை காட்டிவிடச் சொன்னார்.

அடுத்தது குளியல். அப்பா விடிந்ததும் குளிப்பவர். பார்க்கின்சனுக்கான லெவோடோபா மாத்திரை போடுவதோ எட்டு மணிக்கு, இட்லிக்கு அரை மணி முன்னால். ஆக, உடம்பு மிக விறைப்பாக இருக்கும் நேரத்தில்தான் ஈரத் தரையில் ஒற்றைக் காலில் நின்றுகொண்டிருந்திருக்கிறார். மாத்திரை வேலை செய்யும் ஒன்பது மணி வாக்கில், பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து குளியுங்கள் என்றார். இதற்குச் செலவே இல்லை. இத்தனை நாளாக டாக்டரோ பிசியோவோ அப்பா எப்போது குளிக்கிறார் என்று கேட்டதேயில்லை.

குளியலறையில் அப்பா பிடித்து நிற்பது துண்டுக் கம்பியை. ஓ.டி. அதை ஒரு ஆட்டு ஆட்டிக் காட்டினார். திருகு வெளியே வந்துவிட்டது. சிங்கப்பூரில் வீவக வீடு, அதாவது அரசு கட்டிய அடுக்குமாடி வீடு என்றால் ஈஸ் திட்டத்தில் அரசு மானியத்தோடு கைப்பிடியும் வழுக்காத தரையும் செய்து கொடுப்பார்கள். இங்கே எல்லாம் நம் பாடு. ஆனால் வேகத்தைச் சொல்ல வேண்டும்: அப்பாவை உட்கார்ந்து எழவைத்து ஓ.டி. சுவரில் பென்சிலால் குறித்த இடத்தில், மறுநாளே பிளம்பர் ஸ்டீல் கைப்பிடியை போல்ட் அடித்து மாட்டிவிட்டார்.

நிலைப்படிதான் பெரிய விஷயம். வாசலருகே வந்ததும் அப்பாவுக்குக் கால் தரையில் ஒட்டிக்கொள்ளும், அம்மா கையைப் பிடித்து இழுப்பார். இழுக்கவே கூடாதாம், அப்படித்தான் விழுவார்களாம். நின்று, உடம்பின் பாரத்தை ஒரு காலுக்கு மாற்றி, ஒன்று இரண்டு எண்ணி, மற்ற காலை எடுத்து வைக்க வேண்டும். தரையில் அடி தள்ளி அடியாக மஞ்சள் டேப் ஒட்டச் சொன்னார். கோட்டைத் தாண்ட வேண்டும் என்றால் கால் நகர்கிறது! பார்த்துக்கொண்டிருந்த எனக்கே நம்பச் சிரமமாக இருந்தது. "வீட்டைப் பஸ் ஸ்டாண்டு மாதிரி ஆக்கிட்டாங்க" என்று அம்மாவுக்கு மட்டும் குறை.

சட்டையைத் தெருமுனைத் தையல்காரர் சரிசெய்தார்: உள்ளே வெல்க்ரோ, வெளியே அதே பொத்தான்கள் சும்மா பார்வைக்கு. வேட்டியும் வெல்க்ரோ வைத்ததே கடையில் கிடைக்கிறது. ஆனால் வாரத்தில் இரண்டு நாளாவது உட்கார்ந்தபடி பழைய சட்டைப் பொத்தானை அவரே போடட்டும், அவசரப்படுத்தாதீர்கள் என்றார் அம்மாவிடம். அம்மாவுக்கு இது பிடிக்கவில்லை. கட்டிக்கொண்டவருக்குச் செய்யாமல் வேறு யாருக்குச் செய்வது என்பது அவர் கட்சி.

ஒரு தடவை வந்து பார்த்தால் போதுமா என்றால், போதாது. நெதர்லாந்தில் 191 நோயாளிகளோடு நடந்து 2014இல் வெளியான ஆய்வில், பத்து வாரம் வீட்டுக்கே போய் ஓ.டி. கொடுத்தபோது அன்றாட வேலைகள் மேம்பட்டதாக நோயாளிகளே சொன்னார்கள். பிரிட்டனில் 762 பேரிடம் பிசியோவும் ஓ.டி.யும் சேர்த்துக் கொடுத்துப் பார்த்த 2016 ஆய்வில் சொல்லும்படியான பலன் இல்லை. அங்கே ஆளுக்கு ஏறக்குறைய நான்கு அமர்வுகள்தான், நோயும் பெரிதாக முற்றாதவர்கள். எனக்குத் தோன்றுவது, குறைவாகக் கொடுத்துவிட்டுப் பலனில்லை என்பதில் அர்த்தமில்லை. நம் ஊரிலோ தொடர்ந்து வர ஆள் கிடைப்பதே பாடு. எங்கள் ஓ.டி. மாதம் ஒரு ஞாயிறு வருகிறார், நடுவில் அம்மா வாட்ஸ்அப்பில் வீடியோ அனுப்புகிறார்.

இன்னொன்று, பலருக்குத் தெரியாதது: 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டப் பட்டியலில் பார்க்கின்சனும் இருக்கிறது. பெரும்பாலான சலுகைகளுக்குச் சான்றிதழில் குறைபாடு 40 சதவீதமாவது வர வேண்டும். அப்பாவுக்கு விண்ணப்பித்திருக்கிறோம். மருத்துவக் குழு முன் போகும் நாளில் மாத்திரை போடாமல் போவதா, போட்டுக்கொண்டு போவதா என்று வீட்டில் ஒரு பட்டிமன்றமே நடக்கிறது. போட்டுக்கொண்டே போகட்டும், மாத்திரையின் வேகம் குறையும் நேரத்தில் எப்படி இருக்கிறார் என்பதை வீடியோ எடுத்துக்கொண்டு போங்கள் என்றிருக்கிறார் ஓ.டி.