கேமை நீக்குவதா, நகர்த்துவதா? வீட்டுக் கணினிக்கான ஐந்து வழிகள்

மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்து வீட்டுக் கணினிகளுக்குள் கேம்கள் பல வாசலால் வருகின்றன. ஸ்டீம் என்ற இணையக் கேம் கடையில் தள்ளுபடி விலைக்கு வாங்கியது ஒன்று இருக்கும், அதே போன்ற கடையான எபிக் இலவசமாகக் கொடுத்தது ஒன்று இருக்கும், காத்தான்குடியிலோ கல்முனையிலோ கூட்டாளி வீட்டில் இருந்து பென் டிரைவில் கொப்பி பண்ணி வந்தவை நாலைந்து இருக்கும். எல்லாம் ஒரே 256 ஜிபி எஸ்எஸ்டிக்குள் நெருக்கியடித்துக் கிடக்கும். சி டிரைவின் கோடு சிவப்பானதும் கை நேரே டிலீட் விசைக்குப் போகிறது. பெரும்பாலான சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது.

நீக்குவதற்கு முன் இரண்டு விடயம் தெரிந்திருக்க வேண்டும்: அந்தக் கேம் எந்த வழியால் வந்தது, இனி எப்போதாவது திரும்ப வேண்டி வருமா. வந்த வழியாலேயே வெளியே அனுப்பினால் மிச்சம் மீதி குறைவு. திரும்ப வேண்டி வரும் என்றால் அழிப்பதை விட வெளி டிஸ்க்குக்கு மாற்றி வைப்பதே நம்முடைய இணைய வேகத்துக்கும் டேட்டாச் செலவுக்கும் பொருந்தும்.

ஃபோல்டரை நேரே அழித்தல்

எல்லாவற்றிலும் விரைவானது. ஆனால் ஒரு வகைக் கேமுக்கு மட்டுமே சரி: இன்ஸ்டோல் செய்யாமல் ஃபோல்டராகவே கொப்பி பண்ணி வந்தவற்றுக்கு. கிரிக்கெட் 07, ஜிடிஏ வைஸ் சிட்டி, சான் அன்ட்ரியாஸ் எல்லாம் நம்மூரில் பெரும்பாலும் இப்படித்தான் கைமாறுகின்றன. விண்டோஸின் பட்டியலில் இவற்றின் பெயர் இருக்காது, தேடிப் பயனில்லை. ஃபோல்டரையும் டெஸ்க்டொப்பில் உள்ள ஷோர்ட்கட்டையும் அழித்தால் வேலை முடிந்தது.

அந்த ஃபோல்டருக்குள் 'அன்இன்ஸ்' என்று தொடங்கி மூன்று பூச்சியங்களோடு முடியும் ஒரு ஃபைல் சில வேளை இருக்கும். இந்தக் கணினியிலேயே இன்ஸ்டோல் செய்த கேம் என்றால் அதை இரட்டைக் கிளிக் செய்து நீக்குவதே முறை. வேறு கணினியில் இருந்து ஃபோல்டராகக் கொப்பி பண்ணி வந்தது என்றால் அதைத் தொட வேண்டாம். எந்த டிரைவில், எந்த ஃபோல்டரில் எந்த ஃபைலை வைத்தோம் என்ற குறிப்பு பக்கத்தில் உள்ள அதே பெயருடைய 'டாட்' ஃபைலில் இருக்கிறது. அந்தக் குறிப்பு கூட்டாளியின் கணினிக்கு உரியது. உங்கள் கணினியில் அது ஒன்றும் செய்யாமல் போகலாம், அதே முகவரியில் உங்களுடைய வேறு ஏதாவது இருந்தால் அதில் கை வைக்கவும் கூடும்.

இன்னொன்று: சில அன்இன்ஸ்டோலர்கள் கேமின் ஃபோல்டரை முழுதாகவே துடைத்துவிடும். டி டிரைவில் கேம் ஃபோல்டருக்குள்ளேயே கல்யாணப் படங்களையும் பாடசாலை ஆவணங்களையும் போட்டு வைத்திருக்கும் வீடுகள் உண்டு. முதலில் அவற்றை வெளியே எடுங்கள்.

அழித்த பிறகும் இடம் வரவில்லை என்றால் ரீசைக்கிள் பின்னைப் பாருங்கள். அதைக் காலி செய்யும் வரை ஒரு எம்பி கூடத் திரும்பாது. மாறாக, பின்னின் அளவை மிஞ்சும் பெரிய ஃபோல்டரை விண்டோஸ் அதற்குள் போடாது, நிரந்தரமாக அழிக்கவா என்று கேட்கும். வாசிக்காமல் 'யெஸ்' அழுத்தினால் மீட்க வழியில்லை.

ஸ்டீம் கேமை இப்படி அழித்தால், ஸ்டீம் அதை இன்னும் இருப்பதாகவே காட்டும், பிளே அழுத்தினால் ஃபைல் இல்லை என்று பிழைச் செய்தி வரும். ஸ்டீமுக்குள் போய் அன்இன்ஸ்டோல் கொடுத்தால் அந்தப் பெயர் ஒழியும். எக்ஸ்பொக்ஸ் கேம்கள் விடயத்தில் 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற பூட்டிய ஃபோல்டரை உடைத்துத் திறக்க முயல்வார்கள். அதன் அனுமதிகளை மாற்றினால் அதே இடத்தில் இருக்கும் மற்ற செயலிகளும் கெடலாம்.

விண்டோஸின் பட்டியல்

விண்டோஸ் விசையோடு ஐ எழுத்தை அழுத்தினால் செட்டிங்ஸ் திறக்கும். ஆப்ஸ், பிறகு இன்ஸ்டோல்ட் ஆப்ஸ். விண்டோஸ் 10 இல் அதன் பெயர் ஆப்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ். அளவுப்படி வரிசைப்படுத்தி, பெயருக்கு எதிரே உள்ள மூன்று புள்ளியை (விண்டோஸ் 10 இல் பெயரையே) தொட்டு அன்இன்ஸ்டோல். டிவிடியில் இருந்தோ செட்டப் ஃபைலில் இருந்தோ இன்ஸ்டோல் செய்த கேமுக்கு இதை விட நல்ல வழி இல்லை.

அங்கே காட்டும் அளவை அப்படியே நம்ப வேண்டாம். பல கேம்களுக்கு அது இன்ஸ்டோலர் எழுதி வைத்த எண்தான். பிறகு வந்த அப்டேட்கள் அதில் சேராது. உண்மையான அளவு தெரிய விஸ்ட்ரீ, வின்டிர்ஸ்டாட் போன்ற இலவசக் கருவிகள் உண்டு. அவற்றை ஓட்டிப் பார்க்கும்போது, கேமை விட அதை இன்ஸ்டோல் செய்யப் பயன்படுத்திய செட்டப் ஃபோல்டர் டவுன்லோட்ஸில் கிடந்து பல ஜிபி தின்பது அடிக்கடி தெரிய வரும்.

ஃபோல்டரை முன்பே கையால் அழித்துவிட்டீர்கள், பெயர் மட்டும் பட்டியலில் நிற்கிறது என்றால் பழைய கண்ட்ரோல் பேனலில் உள்ள புரோகிராம்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸில் அன்இன்ஸ்டோல் கொடுங்கள். ஏற்கெனவே நீக்கப்பட்டிருக்கலாம், பட்டியலில் இருந்து எடுத்துவிடவா என்று கேட்கும். சம்மதித்தால் போதும்.

லோஞ்சருக்குள் இருந்து நீக்குதல்

லோஞ்சர் என்பது கேமை இறக்கி ஓட்ட உதவும் ஸ்டீம், எபிக் போன்ற செயலி. ஸ்டீமில்: லைப்ரரியில் கேமின் மேல் வலது கிளிக், மேனேஜ், அன்இன்ஸ்டோல். விண்டோஸ் பட்டியலில் இருந்து அழுத்தினாலும் அது ஸ்டீமைத்தான் எழுப்பும். ஆகவே ஸ்டீமை முதலில் நீக்கிவிட்டு கேம்களைப் பிறகு பார்ப்போம் என்று போகக் கூடாது. அதிலும் பெரிய ஆபத்து ஒன்று இருக்கிறது: ஸ்டீமையே அன்இன்ஸ்டோல் செய்தால் அதே ஃபோல்டருக்குள் உள்ள 'ஸ்டீம்ஆப்ஸ்' முழுதும், அதாவது இறக்கி வைத்த கேம்கள் எல்லாம், சேர்ந்து போய்விடும். ஸ்டீம் பழுதாகி மறுபடி இன்ஸ்டோல் செய்ய வேண்டி வந்தால், ஸ்டீம்ஆப்ஸை வேறு இடத்துக்கு மாற்றிவிட்டுச் செய்யுங்கள்.

ஸ்டீம் தான் கொண்டு வந்த ஃபைல்களைத்தான் எடுக்கும். நீங்கள் சேர்த்த மொட்கள் (கேமை மாற்றும் கூடுதல் ஃபைல்கள்) ஸ்டீம்ஆப்ஸில் 'கொமன்' என்ற ஃபோல்டருக்குள் கேமின் பெயரோடு தங்கி நிற்கும். நீக்கிய பிறகு அங்கே ஒருமுறை எட்டிப் பார்த்து, மிச்சத்தைக் கையால் அழிக்கலாம்.

எபிக்கில் லைப்ரரியில் கேமின் பக்கத்து மூன்று புள்ளி, அன்இன்ஸ்டோல், அவ்வளவே. எக்ஸ்பொக்ஸ் செயலியிலும் அப்படித்தான். ஆனால் ஸ்டோர் வழி வந்த செயலியை நீக்கும்போது அதற்கென்று விண்டோஸ் ஒதுக்கிய டேட்டா ஃபோல்டரும் சேர்ந்து போகும். மைன்கிராஃப்ட் பெட்ரொக்கின் பழைய பதிப்புகளில் பிள்ளைகள் மாதக்கணக்கில் கட்டிய உலகங்கள் இருந்தது அந்த ஃபோல்டரில்தான். நீக்கும் முன் கேமுக்குள் இருந்தே உலகத்தை எக்ஸ்போர்ட் செய்து வையுங்கள். ஜாவாப் பதிப்பின் உலகங்கள் ஆப்டேட்டா என்ற மறைந்த ஃபோல்டரின் ரோமிங் பகுதியில் தனியாக இருக்கின்றன, லோஞ்சரை நீக்கினாலும் அவை போகாது.

வலோரண்ட் தனி வகை. அதோடு வரும் வான்கார்ட் என்ற ஏமாற்றுத் தடுப்பு மென்பொருள் விண்டோஸின் அடித்தளத்தில் டிரைவராக ஓடுகிறது, பட்டியலிலும் தனிப் பெயராக நிற்கிறது. கேமை எடுத்தால் அது தானாகப் போனதாக எண்ண வேண்டாம். கடிகாரத்துக்குப் பக்கத்தில் உள்ள அதன் ஐகனில் வலது கிளிக் செய்து நிறுத்தி, ரயட் வான்கார்டைத் தனியே அன்இன்ஸ்டோல் செய்து, கணினியை ரீஸ்டார்ட் செய்யுங்கள். அதன் ஃபோல்டரை மட்டும் அழிப்பது பலன் தராது, சேர்வீஸ் பதிவு அப்படியே இருக்கும்.

ரெவோ, கீக், பிசிஅன்இன்ஸ்டோலர்

மூன்றும் மென்பொருள்களை நீக்கும் கருவிகள், இலவசமாகக் கிடைக்கின்றன. கீக் ஒரே ஃபைல், இன்ஸ்டோல் செய்யாமலே ஓடும். பல கேம்களை ஒரே இழுப்பில் நீக்க பிசிஅன்இன்ஸ்டோலர் (BCUninstaller) வசதி. ரெவோ முதலில் கேமின் சொந்த அன்இன்ஸ்டோலரை ஓட்டிவிட்டு, மிஞ்சிய ஃபைலையும், விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்து வைக்கும் ரெஜிஸ்ட்ரியில் உள்ள பதிவையும் தேடிக் காட்டும். சேஃப், மொடரேட், அட்வான்ஸ்ட் என்று தேடல் மூன்று நிலை.

இவற்றை அன்றாட வழியாகக் கொள்வதை நாம் பரிந்துரைக்க மாட்டோம். கரண்ட் இடையில் போய் அன்இன்ஸ்டோல் பாதியில் நின்றது, பிழைச் செய்தி காட்டி மறுக்கிறது, இப்படிப்பட்ட நேரத்துக்குத்தான் இவை. காரணம் இருக்கிறது. மிச்சம் என்று இவை காட்டுவதில் உங்கள் சேவ் ஃபைலும் (ஆட்டத்தின் முன்னேற்றம் பதிந்த ஃபைல்) ஒன்று. டொக்கியூமென்ட்ஸில் உள்ள ரொக்ஸ்டார் கேம்ஸ், கொனாமி போன்ற ஃபோல்டர்கள் ஒரு கேமுக்கு மட்டும் உரியவை அல்ல. ஜிடிஏ 5 ஐ நீக்கும்போது அந்த நிறுவனத்தின் ஃபோல்டரை முழுதாக டிக் செய்தால், அதே நிறுவனத்தின் இன்னொரு கேமில் தம்பி சேர்த்து வைத்த முன்னேற்றமும் சேர்ந்து அழியும். மொடரேட்டுக்கு மேல் போகாதீர்கள், 'செலக்ட் ஓல்' பொத்தானை அழுத்தாதீர்கள், ஒவ்வொரு முகவரியையும் வாசித்துவிட்டு டிக் செய்யுங்கள். ரெஜிஸ்ட்ரிப் பதிவுகளைத் துடைத்து மிச்சமாகும் இடம் கணக்கிலெடுக்கத் தேவையில்லாத அளவு சிறியது, அதற்காக ஆபத்தை வாங்க வேண்டாம்.

வெளி டிஸ்க்குக்கு நகர்த்துதல்

கணக்கைப் பாருங்கள். 100 ஜிபி கேம் ஒன்றை 20 எம்பிபிஎஸ் இணைப்பில் மறுபடி இறக்க, வேகம் குறையாமல் கிடைத்தாலே 11 மணித்தியாலம். யூஎஸ்பி 3 இல் பூட்டிய சாதாரண வெளி ஹார்ட் டிஸ்க், நொடிக்கு 100 எம்பி அளவில் எழுதினால், அதே கேமை சுமார் 17 நிமிடத்தில் திருப்பித் தரும். பழைய யூஎஸ்பி 2 துளையில் பூட்டினால் முக்கால் மணித்தியாலம் ஆகலாம். துளையின் உள்ளே நீலம் இருக்கிறதா என்று பாருங்கள், பெரும்பாலும் அதுவே யூஎஸ்பி 3. பகல் டேட்டா, இரவு டேட்டா என்று பிரித்துத் தரும் பொதி வைத்திருக்கும் வீட்டில் இந்த வித்தியாசம் நேரடியாகப் பணம்.

ஸ்டீமில் செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் போய் வெளி டிரைவைச் சேர்த்து, கேமைத் தெரிந்து மூவ் கொடுங்கள். டிஸ்க்கைப் பூட்டினால் கேம் அங்கிருந்தே ஓடும், ஆனால் லோடிங் மெதுவாக இருக்கும். மூட்டை கட்டி வைப்பதே நோக்கம் என்றால், கொமனுக்குள் உள்ள கேம் ஃபோல்டரைக் கொப்பி பண்ணி வைத்துவிட்டு ஸ்டீமில் அன்இன்ஸ்டோல் செய்யலாம். திரும்ப வேண்டும்போது ஃபோல்டரை அதே பெயரில் அதே இடத்தில் வைத்து இன்ஸ்டோல் அழுத்துங்கள். இருக்கும் ஃபைல்களை ஸ்டீம் கண்டுபிடித்து, குறைவதையும் புதிய அப்டேட்டையும் மட்டும் இறக்கும்.

எபிக்கில் இதற்கு ஒரு சுற்று வழி. இன்ஸ்டோலைத் தொடங்கி, ஒன்றிரண்டு விழுக்காடு போனதும் நிறுத்தி லோஞ்சரை முழுதாக மூடுங்கள். வைத்திருந்த ஃபோல்டரின் உள்ளடக்கத்தைப் புதிய ஃபோல்டருக்குள் போட்டு, லோஞ்சரைத் திறந்து தொடரச் சொன்னால் இருப்பதைச் சரிபார்த்து ஏற்றுக்கொள்ளும்.

இங்கே கெடுவது இரண்டு இடத்தில். டிஸ்க்கோ பென் டிரைவோ ஃபாட்32 முறையில் ஃபோர்மட் செய்யப்பட்டிருந்தால் 4 ஜிபியைத் தாண்டும் தனி ஃபைலை ஏற்காது. இடம் தாராளமாக இருந்தும், ஃபைல் பெரிது என்று சொல்லி நிறுத்திவிடும். என்டிஎஃப்எஸ் முறையே கேமுக்கு நல்லது. ஃபோர்மட் செய்தால் உள்ளே இருப்பதெல்லாம் போகும் என்பதால் முதலில் காலி செய்யுங்கள். மற்றது கரண்ட். யூபிஎஸ் இல்லாத டெஸ்க்டொப்பில் கட், பேஸ்ட் செய்யும் நடுவில் மின்சாரம் போனால் பாதி இங்கே, பாதி அங்கே என்று கேம் பிரிந்து நிற்கும். கொப்பி பண்ணி, இரண்டு ஃபோல்டரின் அளவையும் ஒப்பிட்டு, அதன் பின் மூலத்தை அழியுங்கள். ஸ்டீம் கேமில் சந்தேகம் வந்தால் புரொபர்ட்டீஸ், இன்ஸ்டோல்ட் ஃபைல்ஸ் பகுதியில் வெரிஃபை கொடுத்தால் பழுதானதை மட்டும் மாற்றித் தரும்.

சாதாரண தரம், உயர்தரம் எழுதும் பிள்ளை உள்ள வீட்டுக்கும் இதுவே தோதான வழி. கேமை அழித்து மனஸ்தாபப்படத் தேவையில்லை. டிஸ்க் பரீட்சை முடியும் வரை உம்மாவின் அலுமாரியில் இருக்கட்டும்.

எந்த வழியானாலும் முதலில் சேவ்

கேம் நீங்கினாலும் சேவ் பெரும்பாலும் தங்கும், ஆனால் எல்லாக் கேமிலும் இல்லை. டொக்கியூமென்ட்ஸ், அதற்குள் மை கேம்ஸ், யூசர் ஃபோல்டரில் சேவ்ட் கேம்ஸ் என்று பாருங்கள். அங்கே இல்லை என்றால் ஆப்டேட்டா. அது மறைந்திருக்கும்; ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் வியூ, ஷோ, ஹிட்டன் ஐட்டம்ஸ் கொடுத்தால் தெரியும். யூனிட்டி என்ற கேம் உருவாக்கும் மென்பொருளில் செய்த கேம்கள் பெரும்பாலும் லோக்கல்லோ பகுதியில் வைக்கும், அதே போன்ற அன்ரியலில் செய்தவை லோக்கல் பகுதியில் கேமின் பெயருக்குள் 'சேவ்ட்' என்ற ஃபோல்டரில். சான் அன்ட்ரியாஸுக்கு டொக்கியூமென்ட்ஸில் அதன் பெயரோடு 'யூசர் ஃபைல்ஸ்' என்று தனி ஃபோல்டர் உண்டு. விண்டோஸ் 11 இல் டொக்கியூமென்ட்ஸே வன்டிரைவ் (OneDrive) என்ற கிளவுட் ஃபோல்டருக்குள் மாறியிருக்கலாம். அங்கே அழித்தால் கிளவுட்டிலும் அழியும்.

சேவ் ஃபைலை இணையத்தில் வைக்கும் ஸ்டீம் கிளவுட் வசதி எல்லாக் கேமுக்கும் இல்லை. இருக்கும் கேமிலும், கடைசியாக இணையம் இல்லாமல் விளையாடியிருந்தால் அந்த ஆட்டம் மேலே ஏறியிருக்காது. நீக்கும் முன் ஒருமுறை இணைத்துத் திறந்து, கிளவுட் நிலை புதுப்பிக்கப்பட்டதாகக் காட்டும் வரை பொறுங்கள்.

எல்லாம் முடிந்து பட்டியலைத் துடைக்கும்போது விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்று 2010, 2013, 2015 என ஆண்டுகளோடு ஒரு வரிசை தெரியும். கேம்தானே கொண்டு வந்தது என்று அவற்றை நீக்க வேண்டாம். ஒவ்வொன்றும் சில பத்து எம்பிதான், மற்றக் கேம்களும் அலுவலக மென்பொருள்களும் அவற்றில் தங்கி நிற்கின்றன. நீக்கினால் அடுத்த நாள் 'டிஎல்எல் காணவில்லை' என்ற செய்தி வரும், தேவையான பதிப்பை மைக்ரோசொஃப்டின் தளத்தில் இருந்து மறுபடி இறக்கிப் போட வேண்டி வரும்.